கோழிகள் நடத்திய தவிட்டுப் பாடம்

இன்று கொஞ்சம் பழைய கதை.

1889. ஜாவாத் தீவின் பட்டாவியா, இன்றைய ஜகார்த்தா. பெரிபெரி நோய்க்குக் காரணமான கிருமியைத் தேடிக்கொண்டிருந்தார் டச்சு மருத்துவர் எய்க்மன். ஆய்வுக்கூடத்துக் கோழிகள் திடீரெனக் கால் தள்ளாடி விழுந்தன. சில மாதம் கழித்துத் தாமாகவே தேறின. விசாரித்தால் விஷயம் சமையற்கட்டில் இருந்தது. இராணுவ மருத்துவமனையில் மீந்த தீட்டிய அரிசிச் சோற்றைக் கோழிகளுக்குப் போட்டு வந்திருக்கிறார்கள். புதிதாக வந்த சமையற்காரர், 'இராணுவச் சோறு சிவிலியன் கோழிக்கு எதற்கு?' என்று நிறுத்திவிட்டார். உமி மட்டும் நீக்கிய அரிசிக்கு மாறியதும் கோழிகள் எழுந்து நடந்தன! (அந்தச் சமையற்காரரின் கறார் குணத்துக்கும் நோபல் பரிசில் ஒரு பங்கு கொடுத்திருக்கலாம்.)

அரிசியில் ஏதோ நஞ்சு, தவிட்டில் அதற்கு மாற்று என்றுதான் எய்க்மன் நினைத்தார். நஞ்சல்ல, ஒரு சத்து குறைகிறது என்று 1901இல் சொன்னவர் அவருக்குப் பின் வந்த கிரைன்ஸ். 1912இல் ஃபங்க் 'வைட்டமின்' என்று பெயர் சூட்டினார். 1926இல் அதே பட்டாவியாவில் யான்சன், டோனத் இருவரும் தவிட்டிலிருந்து பி1 சத்தைப் பிரித்தெடுத்தார்கள். அவர்களுக்குச் சோதனைப் பறவையாக இருந்தது நம் வயல் சில்லையின் இனத்தைச் சேர்ந்த ஒரு சிட்டு.

இதில் நம்மவர்களுக்கும் இடமுண்டு. மலாயாவில் வெள்ளையரிசி உண்ட சீனத் தொழிலாளர்கள் பெரிபெரியால் மாண்டபோது, தமிழர்கள் பெரும்பாலும் தப்பினார்கள். காரணம் புழுங்கல் அரிசி. நெல்லை ஊறவைத்து அவிக்கும்போது தவிட்டிலுள்ள பி1 அரிசிக்குள் இறங்கிவிடுகிறது. பிறகு தீட்டினாலும் முழுவதும் போவதில்லை. நம் பாட்டிமார் நெல் அவித்தது இதை அறிந்தா என்றால் இல்லை. ஆனாலும் பலன் கிடைத்தது.

1918இல் மெக்காரிசன் நம் குன்னூரில், பாஸ்டர் நிலையத்தின் ஓர் அறையில் பெரிபெரி ஆய்வைத் தொடங்கினார். அவரிடம் சிக்கியவை புறாக்கள். அந்த ஓர் அறைதான் வளர்ந்து, 1958இல் ஐதராபாத்துக்குப் போய், இன்று தேசிய ஊட்டச்சத்து நிறுவனமாக நிற்கிறது.

இத்தனையும் எழுதக் காரணம், கருணாபுரத்தில் புறா வளர்க்கும் பழைய மாணவர் ஒருவர் அனுப்பிய வீடியோ. புறா தலையைப் பின்னுக்கு வளைத்து விழுகிறது. தீனி என்னப்பா என்றேன். "கடைப் பச்சரிசி மட்டுந்தான் ஐயா." பி1 குறைந்தால் இப்படி ஆகும். வைரஸ் நோயிலும் கழுத்து திருகும். வீடியோ பார்த்துப் பிரித்தறிய நான் மருத்துவனல்ல. உடனே கால்நடை மருத்துவரிடம் தூக்கிக்கொண்டு போகச் சொன்னேன்.

லவ் பேர்ட்ஸ் வளர்ப்போருக்கும் ஒரு வார்த்தை. கல்வராயன் மலைத் தினையும் சாமையும் நல்ல தானியங்கள்தாம். ஆனால் அவற்றில் வைட்டமின் ஏ இல்லாத குறை. கண் வீங்கும், மூக்கு ஒழுகும், வாய்க்குள் வெள்ளைத் திட்டு வரும். தினமும் நன்றாகக் கழுவிய முருங்கைக்கீரையோ துருவிய கேரட்டோ கூண்டில் வையுங்கள். பச்சைக்கிளி வைத்திருப்போரிடம் தீனி பற்றி நான் பேசப் போவதில்லை. அதைக் கூண்டில் அடைப்பதே 1972ஆம் ஆண்டு வனவிலங்குச் சட்டப்படி குற்றம்.