வீடு விற்போர் கடமை

அரியாங்குப்பத்து ஆற்றங்கரையில் உள்ளது அரிக்கமேடு. 1945-ஆம் ஆண்டில் மார்ட்டிமர் வீலர் அங்கு அகழ்ந்தபோது இத்தாலி நாட்டு மட்கலங்களும் மதுச்சாடிகளின் ஓடுகளும் கிடைத்தன. ஏறத்தாழ ஈராயிரம் ஆண்டுகளுக்கு முன் யவனரோடு இவ்வூர் வாணிகம் செய்ததை மாணவர்கள் படித்திருப்பீர்கள். அந்த ரோமானியரின் சட்டக் கருத்தொன்றும் நெடுங்காலத்திற்குப் பின் இவ்வூருக்கு வந்து சேர்ந்தது. அதைப் பற்றியே இன்று பேசப் போகிறேன்.

ரோமாபுரியில் ஒரு குன்றின்மீது செந்துமாலஸ் என்பவருக்கு வீடு இருந்தது. பறவைகளைக் கண்டு நிமித்தம் கூறும் குருமார், அவ்வீட்டின் உயரம் தம் பார்வையை மறைக்கிறதென்று கூறி, உயர்ந்த பகுதிகளை இடிக்குமாறு ஆணையிட்டனர். அவரோ அந்த ஆணையை வெளியே சொல்லாமல் வீட்டைக் கல்பூர்னியஸ் என்பவருக்கு விற்றுவிட்டார். வாங்கியவருக்கும் அதே ஆணை வந்தது, இடித்தார். பிறகுதான் சூது புரிந்தது. வழக்குத் தொடுத்தார். நடுவராக அமர்ந்த மார்க்கஸ் கேட்டோ, விற்றவர் அறிந்தும் அறிவிக்காமையால் வாங்கியவரின் நஷ்டத்தை ஈடுசெய்ய வேண்டுமென்று தீர்ப்பளித்தார். கி.மு. 44-இல் சிசரோ கடமைகள் பற்றி எழுதிய நூலில் இவ்வழக்கு இடம்பெற்றுள்ளது. பொய் ஒன்றும் சொல்லவில்லையே, மௌனமாகத்தானே இருந்தார் என்று கேட்பாருண்டு. அந்த மௌனத்தையே தவறெனக் கண்டதுதான் அத்தீர்ப்பின் பெருமை என்பேன்.

ரோமச் சட்டத்தின் வழிவந்தது, 1804-இல் நெப்போலியன் காலத்தில் பிறந்த பிரெஞ்சுக் குடிமைச் சட்டத் தொகுதி. 1819-இல் அது புதுச்சேரியில் நடைமுறைக்கு வந்தது. அதன்படி, கண்ணுக்குத் தெரிந்த குறைக்கு விற்றவர் பொறுப்பல்லர். மறைந்த குறைக்கோ, தாமே அறியாதிருந்தாலும் பொதுவாகப் பொறுப்பாவார். வாங்கியவர் வீட்டைத் திருப்பிக் கொடுத்துக் கிரயத்தைப் பெறலாம்; அல்லது வீட்டை வைத்துக்கொண்டு கிரயத்தில் ஒரு பகுதியைப் பெறலாம். அறிந்தே மறைத்தவர் நஷ்டஈடும் தரவேண்டும்.

1962 ஆகஸ்ட் 16 அன்று புதுச்சேரி சட்டப்படி இந்தியாவோடு இணைந்தது. பின்னர் 1968-ஆம் ஆண்டுச் சட்டமொன்றின் வழியே, 1882-ஆம் ஆண்டின் சொத்து மாற்றச் சட்டம் இங்கு விரிவாக்கப்பட்டது. அதன் 55-ஆம் பிரிவு கூறுவது இது: வேறு ஒப்பந்தம் இல்லாவிடின், விற்பவர் அறிந்து வாங்குபவர் அறியாத, சாதாரணக் கவனத்தால் கண்டறிய இயலாத முக்கியக் குறையை, அது சொத்தில் இருந்தாலும் உரிமையில் இருந்தாலும், விற்பவர் சொல்லியாக வேண்டும். சொல்லாமை மோசடியாகும். பிரெஞ்சுச் சட்டம் அறியாதவரையும் பிடித்தது. இந்தப் பிரிவோ அறிந்தவரையே பிடிக்கிறது.

ஆற்றோரத்து வீடொன்றை ஒருவர் சித்திரையில் விற்கிறார் என்று கொள்வோம். ஐப்பசி மழையில் கூடத்திற்குள் நீர் ஏறுவது அவருக்குத் தெரியும். சுவரில் நீர் நின்ற தடத்தின்மேல் புதுச் சுண்ணாம்பு அடித்துவிட்டார். வாங்குபவர் எங்ஙனம் அறிவார்? சுவரில் வாய்பிளந்து நிற்கும் வெடிப்பு வேறு. அதைப் பாராமல் வாங்கியவர் தம்மையே நொந்துகொள்ள வேண்டும்.

வாங்குபவருக்கும் இப்பிரிவில் ஒரு கடமை உண்டு. பலர் இதை அறியார். பாதி வீடே தம்முடையதென்று எண்ணும் மூதாட்டிக்கு முழு வீடும் உரியதெனப் பழைய பத்திரத்தால் அவர் அறிந்திருந்தால், கிரயம் முடியுமுன் அதை அவ்வம்மையாரிடம் சொல்லிவிட வேண்டும்.