கடிகார முள்ளும் தமிழ் சினிமாவும்

"இன்னும் அஞ்சு நிமிஷம்தான் இருக்கு" என்று திரையில் யாராவது ஒருவர் சொல்லிவிட்டால் போதும், தியேட்டரில் பாப்கார்ன் கொறிக்கும் சத்தம் நின்றுவிடும். குண்டு வெடிக்கப் போகிறது, தூக்குக் கயிறு மாட்டப் போகிறார்கள், ரயில் கிளம்பப் போகிறது, தாலி கட்டப் போகிறார்கள். எதுவாக இருந்தாலும் சங்கதி ஒன்றுதான். நேரம் குறைந்துகொண்டே போகிறது, வர வேண்டியவர் இன்னும் வந்து சேரவில்லை. இந்த வகைப் படம் தமிழில் எப்படி வளர்ந்தது என்பதையும், 2008-ல் நம்ம தேனாம்பேட்டையில் நிஜமாகவே நடந்த ஒரு ஓட்டம் எப்படி சினிமா ஆனது என்பதையும் எழுதலாம் என்று இந்தப் பதிவு.

முதலில் ஒன்று. "இதெல்லாம் ஹாலிவுட் சரக்கு" என்று சிலர் சொல்வார்கள். நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். மகாபாரதத்தில் ஜயத்ரதன் வதம் என்ன? அபிமன்யு இறந்ததும், நாளை சூரியன் மறைவதற்குள் ஜயத்ரதனைக் கொல்வேன், இல்லாவிட்டால் தீயில் இறங்குவேன் என்று அர்ஜுனன் சபதம் செய்கிறான். மறுநாள் கௌரவர் சேனை முழுக்க ஒரே ஒரு வேலைதான் செய்கிறது, நேரத்தைக் கடத்துவது. ராமாயணத்திலும் உண்டு. பதினான்கு ஆண்டு முடிந்தும் ராமன் வரவில்லை என்று பரதன் தீ வளர்த்துவிட்டான். விழப் போகிற நேரத்தில் அனுமன் வந்து சேருகிறான். கம்பர் இந்த இடத்தை எழுதியிருப்பதைப் படித்தால், இன்றைய எடிட்டர்கள் அவரிடம் உட்கார்ந்து பாடம் கேட்கலாம் என்று தோன்றும். சூரியன்தான் அந்தக் காலத்துக் கடிகாரம், அவ்வளவுதான் வித்தியாசம்.

சினிமாவில் இதை ஒரு உத்தியாக ஆக்கியவர் அமெரிக்க இயக்குநர் கிரிஃபித். 1916-ல் வந்த அவருடைய 'இன்டாலரன்ஸ்' படத்தில், குற்றம் செய்யாத ஒருவனைத் தூக்கில் போடத் தயார் செய்கிறார்கள். இன்னொரு பக்கம் மன்னிப்பு உத்தரவு வாங்குவதற்காக ஒரு கார் ரயிலைத் துரத்துகிறது. இங்கே ஒரு ஷாட், அங்கே ஒரு ஷாட் என்று மாற்றி மாற்றிக் காட்டுவார். நம் படங்களில் கோர்ட்டில் தீர்ப்பு வாசிக்கும்போது வாசலில் ஒரு குரல் "நிறுத்துங்கள்!" என்று கேட்குமே, அதற்குத் தாத்தா இதுதான்.

ஹிட்ச்காக் இதற்கு விளக்கமே கொடுத்தார். மேஜைக்கு அடியில் குண்டு இருப்பது பார்ப்பவனுக்குத் தெரியாமல் திடீரென்று வெடித்தால், சில நொடி அதிர்ச்சியோடு முடிந்துவிடும். குண்டு இருப்பதும், எத்தனை மணிக்கு வெடிக்கும் என்பதும் அவனுக்குத் தெரிந்துவிட்டால், மேஜையில் இருப்பவர்கள் சும்மா அரட்டை அடித்தால்கூட அவனுக்கு உயிர் போகும். ஆனால் அவரே ஒரு முறை கணக்குத் தப்பினார். 1936-ல் வந்த 'சபோடாஜ்' படத்தில் குண்டு இருப்பது தெரியாமல் ஒரு சிறுவன் பொட்டலத்தைத் தூக்கிக்கொண்டு லண்டன் தெருக்களில் போகிறான். 1.45-க்கு வெடிக்க வேண்டும். வழியில் கூட்டம், ஊர்வலம் என்று தாமதம் ஆகிறது. பஸ்ஸில் ஏறுகிறான், வெடித்துவிடுகிறது. அவ்வளவு நேரம் தவிக்க வைத்துவிட்டுச் சிறுவனைக் கொன்றது தப்பு என்று பிற்காலத்தில் ஹிட்ச்காக்கே ஒப்புக்கொண்டார்.

சரி, நம் ஊருக்கு வருவோம். தமிழ் சினிமாவில் கடிகாரம் ஆரம்பத்திலிருந்தே உண்டு, ஆனால் அது கடைசி ரீலில் மட்டும்தான் ஓடும். இரண்டரை மணி நேரப் படத்தில் கடைசிப் பதினைந்து நிமிடம். மீதி நேரத்தில் யாருக்கும் எந்த அவசரமும் கிடையாது. காரணம் சுலபம், பாட்டு. படம் பூராவும் மணி ஓடிக்கொண்டிருந்தால், ஹீரோ நடுவில் ஊட்டிக்குப் போய் டூயட் பாட முடியாது. பாடினால் மணி நின்றுவிடும். ஆகவே இந்த வகைப் படம் எடுக்க நினைத்தவர்கள் முதலில் பாட்டுப் பிரச்சினையைத் தீர்க்க வேண்டியிருந்தது.

அதைத் தீர்க்கத் துணிந்தவர் ஒரு சங்கீத வித்வான் என்பதுதான் வேடிக்கை! வீணை எஸ். பாலசந்தர். 1954-ல் ஏவி.எம். தயாரிக்க, சிவாஜி கணேசன், பண்டரிபாய் நடித்த 'அந்த நாள்' படத்தைப் பாட்டே இல்லாமல் இயக்கினார். தமிழில் பாட்டு இல்லாத முதல் படம். தேசிய விருதுகளில் நற்சான்றிதழ் கிடைத்தது, வசூல் கிடைக்கவில்லை. அது கொலைகாரன் யார் என்கிற கதை, கடிகாரக் கதை இல்லை. ஆனால் பத்து வருஷம் கழித்து 1964-ல் அவரே எடுத்த 'பொம்மை' அசல் கடிகாரக் கதை. ஒருவரைக் கொல்வதற்காகப் பொம்மைக்குள் வெடிகுண்டு வைக்கிறார்கள். அந்தப் பொம்மை கை மாறி, கை மாறி ஊருக்குள் போய்விடுகிறது. அதைக் கண்டுபிடித்தாக வேண்டும். இதில் பாட்டு உண்டு (ஜேசுதாஸ் தமிழில் பாடிய ஆரம்ப காலப் பாட்டு ஒன்று இந்தப் படத்தில்தான்). பாட்டு வந்தாலும் பதற்றம் நிற்காததற்குக் காரணம் பொம்மையேதான். அது யார் கையில் இருந்தாலும் நமக்குக் கண் அங்கேயே இருக்கும். மேஜைக்கு அடியில் இருக்க வேண்டிய குண்டை பாலசந்தர் நடமாட விட்டுவிட்டார்.

அதற்கப்புறம் இந்த வழியில் நடந்தவர்கள் குறைவு. 1995-ல் 'குருதிப்புனல்' பாட்டு இல்லாமல் வந்தது. 2009-ல் வந்த 'உன்னைப்போல் ஒருவன்' ஒரே நாளில், சென்னையில், மொட்டை மாடியில் உட்கார்ந்து போலீஸ் கமிஷனருக்கு கெடு வைத்துப் பேசும் ஒரு மனிதரின் கதை. அதிலும் பாட்டுக் காட்சி கிடையாது. 2019 தீபாவளிக்கு வந்த 'கைதி' ஒரே ராத்திரி, ஒரு லாரி, விஷம் கலந்ததைக் குடித்து மயங்கிக் கிடக்கும் போலீஸ் அதிகாரிகள். பாட்டும் இல்லை, ஹீரோயினும் இல்லை, வசூலுக்குக் குறையும் இல்லை. 1954-ல் 'அந்த நாள்' பட்ட பாட்டை நினைத்தால், 65 வருஷம் கழித்துக் கணக்கு நேரானது என்று சொல்லலாம்.

இப்போது முக்கியமான விஷயம்.

2008 செப்டம்பர். திருக்கழுக்குன்றத்தைச் சேர்ந்த 15 வயது மாணவன் ஹிதேந்திரன் பைக் விபத்தில் தலையில் அடிபட்டு சென்னைக்குக் கொண்டுவரப்பட்டான். தேனாம்பேட்டை அப்போலோவில் மூளைச்சாவு என்று முடிவாயிற்று. அப்பா, அம்மா இருவரும் டாக்டர்கள். மகனுடைய உறுப்புகளைத் தானம் செய்யச் சம்மதித்தார்கள். இதயம் தேவைப்பட்டது முகப்பேரில் ஃபிராண்டியர் லைஃப்லைன் மருத்துவமனையில், டாக்டர் கே.எம். செரியனிடம் சிகிச்சையில் இருந்த ஒரு சிறுமிக்கு.

தேனாம்பேட்டையிலிருந்து முகப்பேர் எவ்வளவு நேரம் என்று சென்னைவாசிகளுக்குச் சொல்ல வேண்டியதில்லை. சாயங்கால நெரிசலில் மாட்டினால் முக்கால் மணி நேரம் போனாலும் ஆச்சரியமில்லை. வெளியே எடுத்த இதயம் குளிர்ப்பெட்டியில் ஏறக்குறைய 4 மணி நேரம்தான் தாங்கும். பயணம் மட்டும் இல்லை, எடுப்பது, மறுபடி பொருத்துவது, தையல் எல்லாம் அந்த 4 மணிக்குள் அடங்க வேண்டும். எங்கள் அக்கவுண்டன்ஸி பாஷையில் சொன்னால், இதற்கு கேரி ஃபார்வர்டு கிடையாது. போக்குவரத்து போலீஸ் வழி நெடுக சிக்னல்களை நிறுத்தி, ஒவ்வொரு சந்திப்பிலும் ஆள் போட்டு, வயர்லெஸ்ஸில் சொல்லிச் சொல்லி வண்டியைக் கடத்தினார்கள். 11 நிமிடத்தில் இதயம் முகப்பேர் போய்ச் சேர்ந்தது.

இதை முதலில் படமாக்கியது நாம் இல்லை, மலையாளிகள். பாபி - சஞ்சய் எழுத, ராஜேஷ் பிள்ளை இயக்கிய 'டிராஃபிக்' 2011 ஜனவரியில் வந்தது. அது நன்றாக ஓடியதும் 2013-ல் ராதிகா தயாரிப்பில், ஷஹீத் காதர் இயக்கத்தில் 'சென்னையில் ஒரு நாள்' என்று தமிழில் வந்தது. சரத்குமார், சேரன், பிரகாஷ்ராஜ், பிரசன்னா நடித்தார்கள். உள்ளூர்ச் சரக்கை ஏற்றுமதி செய்துவிட்டு, பிறகு அதையே இறக்குமதி செய்துகொண்ட மாதிரி. பி.காம். மாணவனுக்கு இதைப் பார்த்தால் சிரிப்பு வராமல் என்ன செய்யும்?

ஆனால் கவனிக்க வேண்டியது இன்னொன்று. மலையாளப் படத்தில் இதயம் கொச்சியிலிருந்து பாலக்காடு போகிறது, சுமார் 150 கிலோமீட்டர். தமிழுக்கு வந்தபோது, கதை பிறந்த ஊருக்கே வந்துவிட்டதே, தேனாம்பேட்டை - முகப்பேர் என்று வைத்திருக்கலாம் இல்லையா? வைக்கவில்லை. சென்னையிலிருந்து வேலூர் என்று வைத்தார்கள். ஏன்? 11 நிமிடத்தை வைத்துக்கொண்டு ஒரு முழுநீளப் படத்தை எப்படி ஓட்டுவது? தூரம் நீண்டால்தான் கடிகாரத்துக்கு வேலை. அதுவும் போதவில்லை என்று, மனைவியைக் கொல்லப் பார்த்த ஒரு டாக்டரை வண்டிக்குள் ஏற்றி, அவரே வண்டியைக் கடத்துவதாக வைத்தார்கள். இதயம் போய்ச் சேர வேண்டிய பெண் ஒரு சினிமா நட்சத்திரத்தின் மகள் ஆனாள். லஞ்சம் வாங்கிச் சிக்கிய கான்ஸ்டபிள் டிரைவர் ஆனார். (சேரன் அந்தப் பாத்திரத்தை அடக்கமாகச் செய்திருப்பார், எனக்குப் பிடித்தது.) நிஜத்தில் நடந்ததில் வில்லனே கிடையாது. எல்லாரும் ஒழுங்காக வேலை செய்தார்கள், வண்டி போய்ச் சேர்ந்தது. சினிமாவுக்கு அது ஆகாது.

படத்தைக் குறை சொல்வதற்காக இதை எழுதவில்லை. ஓட்டம் விறுவிறுப்பாகத்தான் இருந்தது. ஆனால் இந்தக் கதையில் நிஜமான கடிகாரம் ரோட்டில் ஓடவில்லை என்று நினைக்கிறேன். நம் சட்டப்படி மூளைச்சாவை ஒரு டாக்டர் பார்த்துச் சொல்லிவிட முடியாது. நான்கு பேர் கொண்ட குழு சான்று தர வேண்டும். பரிசோதனையை ஒரு முறை செய்து, குறைந்தது 6 மணி நேரம் கழித்து மறுபடியும் செய்ய வேண்டும். அந்த 6 மணி நேரமும் வென்டிலேட்டரில் நெஞ்சு ஏறி இறங்கிக்கொண்டிருக்கும், கை சூடாக இருக்கும். மற்ற படங்களில் எல்லாம் நேரம் முடிந்தால் ஒருவர் சாவார், அதனால் நேரம் முடியக் கூடாது என்று தவிப்போம். இங்கே நேரம் முடிந்தால்தான் இன்னொருவருக்கு ஓட்டமே ஆரம்பிக்கும். பெற்றவர்கள் எந்தப் பக்கம் நின்று கடிகாரத்தைப் பார்ப்பார்கள்? அவர்கள் இரண்டு பேரும் டாக்டர்கள் வேறு. மானிட்டரில் இருப்பதன் அர்த்தம் அவர்களுக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை. ஹிட்ச்காக்கின் மேஜை உதாரணம் இங்கே வந்து நின்றுவிடுகிறது.

அந்தச் சம்பவத்துக்குப் பிறகு தமிழ்நாட்டில் உறுப்பு தானம் நிறைய கூடியது. 'ஹிதேந்திரன் விளைவு' என்றே அதைச் சொல்கிறார்கள். 2014 ஜூனில் சென்ட்ரல் எதிரே உள்ள அரசு பொது மருத்துவமனையிலிருந்து அடையாறில் அப்போது ஃபோர்ட்டிஸ் மலர் என்று இருந்த மருத்துவமனைக்கு, சுமார் 12 கிலோமீட்டரை 14 நிமிடத்துக்குள் ஒரு ஆம்புலன்ஸ் கடந்தது. அப்போது நாடு முழுக்கச் செய்தி. இப்போதெல்லாம் இந்த மாதிரி ஓட்டம் பேப்பரில் உள்பக்கத்தில் சின்னதாக வருகிறது.

ஆம்புலன்ஸ் கிளம்புவதோடு முடிகிற மாதிரி, அதற்கு முந்தைய 6 மணி நேரத்தை மட்டும் வைத்து யாராவது படம் எடுத்தால் சொல்லுங்கள். முதல் நாள் முதல் காட்சி டிக்கெட் என் செலவு. பாட்டு வேண்டாம்.