மைக்கைத் தட்டிப் பார்க்கும் வழக்கம்

பேசத் தொடங்குமுன் மைக்கின் தலையை விரலால் இருமுறை தட்டி, அதன் முகத்தில் ஒருமுறை ஊதி, அதற்குப் பிறகே அவையோரை விளித்துப் பேசும் வழக்கம் நம் மேடைகளில் எவ்வளவு ஆழமாக வேரூன்றியிருக்கிறதென்றால், கணினியோடு யுஎஸ்பி கம்பியால் இணைத்து மேஜைமேல் வைத்துக்கொள்ளும் இன்றைய மைக் திடீரென்று ஊமையாகிவிடும்போதும் கைக்கு முதலில் தோன்றும் பரிகாரம் அந்தத் தட்டுதலாகவே இருக்கிறது. இதை வெறும் அறியாமை என்று தள்ளிவிட எனக்கு மனம் ஒப்பவில்லை. தட்டுவது நியாயமான சிகிச்சையாக இருந்த காலம் ஒன்று உண்டு. அதே தட்டுதல் யந்திரத்துக்குக் கேடாக முடிந்த காலமும் உண்டு. மைக் பழுதுபட்ட வரலாற்றைத் தொடர்ந்து பார்த்தால், பழுது ஒரே இடத்தில் நிற்காமல், கருவியின் உள்ளேயிருந்து கம்பிக்கும், கம்பியிலிருந்து கணினிக்கும் நகர்ந்துகொண்டே வந்திருப்பது தெரியும்.

இவ்வரலாறு 1878-ஆம் ஆண்டு லண்டனில் தொடங்குகிறது. இளமையில் அமெரிக்காவின் கென்டக்கி மாகாணத்தில் சங்கீத ஆசிரியராக இருந்து, பின்னர் எழுத்துக்களை அச்சடித்துத் தரும் தந்தி யந்திரத்தை அமைத்துப் பெரும்பொருள் ஈட்டியவரான டேவிட் எட்வர்ட் ஹியூஸ், மின்னோட்டம் செல்லும் இரண்டு ஆணிகளின்மேல் மூன்றாவது ஆணி ஒன்றைப் பிணைக்காமல் சும்மா கிடத்தி வைத்தால், அருகில் எழும் சப்தத்திற்கேற்ப அத்தளர்ந்த தொடர்பு இறுகியும் நெகிழ்ந்தும் மின்னோட்டத்தைக் கூட்டியும் குறைத்தும் விடுகிறது என்பதைக் கண்டார். ஆணிகளுக்குப் பதிலாகக் கரித்துண்டுகளை வைத்தபோது பலன் இன்னும் சிறந்தது. ஈ ஒன்று நடந்துசெல்லும் ஓசையைக்கூடக் கேட்க முடிந்தது என்று அக்காலத்தார் வியந்தார்கள். ஹியூஸ் இதற்குக் காப்புரிமை எதுவும் பெறாமல் உலகத்தின் பொதுச் சொத்தாக விட்டுவிட்டார் என்பது நன்றியோடு நினைக்கத்தக்கது. எடிசன், பெர்லினர் ஆகியோருக்கும் இந்தத் துறையில் பங்குண்டு. யார் முந்தியவர் என்ற வழக்குகள் நெடுங்காலம் நடந்தன. நமக்கு இங்கே முக்கியமானவர் அவர்களில் எவரும் அல்லர். ஹென்றி ஹன்னிங்ஸ் என்ற ஆங்கிலப் பாதிரியார். ஒரே கரித்துண்டுக்குப் பதிலாகக் கரிக்குறுணையை ஒரு சிறு சிமிழில் இட்டு, அதன்மேல் மெல்லிய தகடு ஒன்றைப் பொருத்தி அவர் 1878-இல் அமைத்த கருவியே பின்னாளில் உலகமெங்கும் தொலைபேசியின் வாயாக அமைந்தது.

அந்தக் கரிக்குறுணையோடுதான் மைக்கின் முதல் நோயும் வந்து சேர்ந்தது. படியில் இட்ட அரிசி குலுங்கக் குலுங்க அமர்ந்து இறுகுவதைப்போல, நாளடைவில் குறுணைகள் அடியில் படிந்து ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். அப்போது தகடு எவ்வளவு அசைந்தாலும் குறுணைகளுக்கிடையே நெகிழ்ச்சி இல்லாததால் மின்னோட்டம் மாறாது. பேசுகிறவர் குரல் மறுமுனையில் மங்கிப்போகும். இதற்குக் கைகண்ட மருந்து, கருவியைப் பக்கவாட்டில் ஒரு தட்டுத் தட்டுவதுதான். தட்டியவுடன் குறுணைகள் பிரியும், குரலும் தெளியும். 1890-இல் பெல் நிறுவனத்தைச் சேர்ந்த ஆன்டனி ஒயிட் என்பவர் அமைத்த திருத்தமான அமைப்பு இந்தத் தொல்லையைப் பெரிதும் குறைத்ததே அன்றி, அடியோடு ஒழிக்கவில்லை. ஆகவே தட்டுதல் என்பது இரண்டு தலைமுறைக்குப் பலனளித்த சிகிச்சை. பலன் கண்ட கை அதை எளிதில் மறக்குமா?

ஜெர்மனியில் ஆய்கன் ரைஸ் என்பவர், பிற்காலத்தில் பெரும்புகழ் பெற்ற கியோர்க் நோய்மனின் துணையோடு, சலவைக்கல் கட்டி ஒன்றைக் குடைந்து அதற்குள் கரித்தூளை நிரப்பி உருவாக்கிய மைக்கை, 1920-களில் லண்டன் பிபிசி முதலிய ஒலிபரப்பு நிலையங்கள் விரும்பி ஏற்றன. அதிலும் குறுணைகள் அமர்ந்து இறுகுவது உண்டு; ஆனால் மின்னோட்டம் செல்லும்போது கருவியை அசைத்தால் குறுணைகளுக்கிடையே பொறி பறந்து அவை தீய்ந்துவிடும் என்பதால், முதலில் மின்சாரத்தை நிறுத்தி, பிறகு மெல்லத் தட்டி, மீண்டும் செலுத்த வேண்டும் என்ற ஒழுங்கை நிலையத்தார் கைக்கொண்டார்கள். பழுது பார்ப்பதில் நிதானம் ஒரு சாஸ்திரமானது இங்கேதான் என்று எனக்குத் தோன்றுகிறது.

அதே தலைமுறையில் தட்டுதலுக்கு விரோதமான மைக்குகளும் பிறந்துவிட்டன. அமெரிக்காவின் வெஸ்டர்ன் எலெக்ட்ரிக் நிறுவனத்தில் எட்வர்ட் வென்டி 1916-இல் அமைத்த கண்டென்சர் மைக்கில், இழுத்துக் கட்டிய மெல்லிய தகடும் அதன் பின்னால் ஒரு கெட்டித் தட்டும் மயிரிழையளவு இடைவெளியில் நிற்கின்றன. இடையே சுமார் இருநூறு வோல்ட் அழுத்தத்தில் மின்னூட்டம் தங்கியிருக்கிறது. தகடு அசையும்போது ஏற்படும் மாறுதலே சப்தத்தின் மின்வடிவம். இந்த அற்புதக் கருவியின் சத்துரு ஈரம். காற்றில் உள்ள ஈரப்பசை அந்த இடைவெளியில் படிந்தால் மின்னூட்டம் கசிந்து, அடுப்பில் உப்பு வெடிப்பது போன்ற சப்தம் எழும். அதற்குச் செய்யத்தக்கது, தட்டுவதோ ஊதுவதோ அன்று. ஈரத்தை உறிஞ்சும் பொருளோடு மூடிய பெட்டியில் வைத்து உலர்த்துவதே. ஊதுகிறவர் தம் மூச்சின் ஈரத்தையே மருந்தென்று ஊட்டுகிறார்.

ரிப்பன் மைக்கோ இன்னும் மென்மையானது. 1930-களின் தொடக்கத்தில் ஆர்சிஏ நிறுவனத்தின் ஹாரி ஓல்சன் பக்குவப்படுத்திய அவ்வகையில், மில்லிமீட்டரில் ஆயிரத்தில் இரண்டு மூன்று பங்கு கனமே உள்ள அலுமினியத் தகட்டு நாடா ஒன்று வலிய காந்தத்தின் இரு முனைகளுக்கிடையே தொங்குகிறது. ஒரு பலத்த ஊதலில் அந்த நாடா நீண்டு தளர்ந்துவிடும். படுக்கவைத்தே வைத்திருந்தாலும் தன் எடையாலேயே தொய்ந்துவிடும் என்பதால் அதை நிமிர்த்தியே வைக்கவேண்டும். காந்தத்தின் பலத்தால் பட்டறைத் தரையின் இரும்புத்தூள் உள்ளே ஏறி நாடாவைப் பிடித்துக்கொள்வதும் உண்டு. விலை குறைந்த கிரிஸ்டல் மைக்கின் துன்பம் வேறு வகை. பிரான்ஸின் லா ரோஷெல் நகரத்து மருந்தாளர் ஒருவர் பதினேழாம் நூற்றாண்டில் மருந்தாகக் காய்ச்சிய ரோஷெல் உப்பின் படிகம், நெளியும்போது மின்சாரத்தைப் பிறப்பிப்பதைக் கொண்டு செய்யப்பட்டது அது. ஈரத்தில் கரைவதும், வெப்பம் ஐம்பத்தைந்து டிகிரி சென்டிகிரேடை எட்டினால் அழிவதும் அவ்வுப்பின் இயல்பு. சித்திரை வெயிலில் பந்தலுக்கு வெளியே ஓர் உலோகக் கூட்டுக்குள் கிடந்தால் அதன் ஆயுள் அன்றோடு முடியும். அதைத் தட்டி எழுப்ப எவராலும் ஆகாது.

தமிழ்நாட்டுக்கு மைக் வந்த காலமும் இதுவே. எஸ். ஜி. கிட்டப்பாவும் கே. பி. சுந்தராம்பாளும் எவ்வித யந்திர உதவியும் இன்றிக் கொட்டகையின் கடைசி வரிசைக்கும் எட்டும்படி உச்ச சுருதியில் பாடிய யுகம் முடியும் தறுவாயில் இருந்தது. சென்னையில் 1924-இல் கிருஷ்ணசாமி செட்டியார் முன்னின்று தொடங்கிய வானொலிச் சங்கமும், அது நின்றபின் 1930 முதல் நகராண்மைக் கழகம் நடத்திய ஒலிபரப்பும், 1938 ஜூன் 16-இல் தோன்றிய அகில இந்திய வானொலி நிலையமும் பாடகர்களையும் பேச்சாளர்களையும் மைக்குக்குப் பழக்கின. பிறகு அரசியல் மேடை, கோயில் திருவிழா, கல்யாண வீடு என்று அது ஊர் ஊராகச் சென்றது. கூடவே மைக்செட்காரர் என்ற ஒரு தொழிலாளர் வர்க்கமும் தோன்றியது.

இவர்களைப் பற்றி எழுதியவர் குறைவு என்பது என் நெடுநாளைய வருத்தம். அவர்கள் கையாண்டது பெரும்பாலும் காந்தமும் கம்பிச்சுருளும் கொண்ட டைனமிக் மைக். கீழே விழுந்தாலும் எளிதில் சாகாதது. எனவே அவர்கள் காலத்தில் பழுது மைக்கை விட்டு வெளியேறிக் கம்பியில் குடியேறிற்று. பிளக்கின் கழுத்தில், கம்பி வளைந்து வளைந்து நிமிரும் அந்த ஓரங்குலத்தில்தான் இழைகள் முதலில் அறும். அனுபவசாலியான மைக்செட்காரர் ஆம்ப்ளிஃபையரைத் திறப்பதற்கு முன்னே, ஒருவனை மைக்கில் எண்ணச் சொல்லிவிட்டு, கம்பியைக் கழுத்தருகே பிடித்து இப்புறமும் அப்புறமும் மெல்ல வளைத்துப் பார்ப்பார். எந்த வளைவில் குரல் விட்டுவிட்டு வருகிறதோ அங்கே வெட்டி, உரித்து, ஈயம் பற்றவைப்பார். குரல் வராமல் உறுமல் மட்டும் கேட்டால் மேற்சுற்றுக் கம்பி அறுந்தது என்று சொல்லிவிடுவார். மைக்கை மாற்று, கம்பியை மாற்று, அது நுழையும் துவாரத்தை மாற்று. ஒரு சமயத்தில் ஒன்றையே மாற்று. எந்தக் கல்லூரியிலும் பயிலாத அவர்கள் கைக்கொண்ட இம்முறையைவிடச் சிறந்த பழுதுபார்க்கும் முறை இன்றளவும் கண்டுபிடிக்கப்படவில்லை என்பதை நான் உறுதியாகச் சொல்வேன்.

1962-இல் பெல் ஆராய்ச்சிக் கூடத்தில் கெர்ஹார்ட் செஸ்லரும் ஜேம்ஸ் வெஸ்டும், மின்னூட்டத்தைத் தன்னுள் நெடுங்காலம் தாங்கி நிற்கும் மெல்லிய பிளாஸ்டிக் ஏட்டைக் கொண்டு எலெக்ட்ரெட் மைக்கை அமைத்ததும், இருநூறு வோல்ட்டின் தேவை ஒழிந்து, பட்டாணியளவு மைக் சில வோல்ட்டிலேயே உழைக்கத் தொடங்கியது. கணினிகளில் யுஎஸ்பி என்னும் பொதுத்துவாரத்திற்கான விதிகள் 1996-இல் வெளிவந்தன. அதன்வழி ஒலியை அனுப்பும் விதிகள் 1998-இல் வகுக்கப்பட்டன. 2005-ஆம் ஆண்டளவில் யுஎஸ்பி மைக்குகள் கடைக்கு வந்தபோது, மைக், அதன் ஆம்ப்ளிஃபையர், ஒலியை எண்களாக மாற்றும் சில்லு, அவ்வெண்களைக் கணினிக்கு அனுப்பும் சில்லு ஆகிய எல்லாம் ஒரே கூட்டுக்குள் அடங்கிவிட்டன. முன்பு தனித்தனிக் கருவிகளாக இருந்தவை இவை. சௌகரியம் பெரிது, ஆனால் வெளியே ஒரு கம்பிதான் தெரிகிறது என்பதால், சப்தம் எந்த இடத்தில் நின்றுபோயிற்று என்பது கண்ணுக்கு மறைவாகிவிட்டது.

மறைந்ததே தவிர, தேடும் வழி அழியவில்லை. இவ்வகை மைக்குகள் பலவற்றில் ஹெட்ஃபோன் செருகும் துவாரம் ஒன்று இருக்கும். அதில் செருகிப் பேசினால் தம் குரல் தமக்கே கேட்குமாயின், ஒலி வாங்கும் உறுப்பும் ஆம்ப்ளிஃபையரும் உயிரோடிருக்கின்றன, குற்றம் அவற்றுக்கு அப்பால் என்று தெளியலாம். கேளாவிட்டால், முதலில் மைக்கின்மேலுள்ள மௌனப் பொத்தான் அழுந்தியிருக்கிறதா, ஒலியளவுத் திருகு அடிவரை இறங்கியிருக்கிறதா என்று பார்க்க வேண்டும். மைக்கின் விளக்கு எரிகிறது, ஆயினும் கணினியின் கருவிப் பட்டியலில் மைக்கின் பெயரே இல்லை என்றால், பெரும்பாலும் குற்றவாளி கம்பி. யுஎஸ்பி கம்பிக்குள் அடிப்படையில் மின்சாரத்துக்கு இரண்டும் செய்திக்கு இரண்டுமாக நான்கு இழைகள் உண்டு. கைப்பேசிக்கு மின்னேற்றுவதற்கென்றே விற்கப்படும் சில மலிவான கம்பிகளில் செய்தி இழைகள் இரண்டும் இரா. அப்படிப்பட்ட கம்பியில் விளக்கு எரியும், சொல் போகாது. பல கருவிகளைப் பிணைக்கும் கிளைப்பெட்டியின்வழி செருகியிருந்தால், மின்சாரம் போதாமல் மைக் மயங்குவதும் உண்டு. நேரே கணினியில் செருகினால் அது தெளியும்.

பட்டியலில் பெயர் இருந்தும் குரல் வரவில்லையென்றால் பழுது, முன் எக்காலத்திலும் இல்லாத ஓர் இடத்துக்கு, அதாவது அனுமதிக்குள், நகர்ந்துவிட்டது. ஒட்டுக்கேட்பைத் தடுக்க வேண்டும் என்ற நியாயமான எண்ணத்தோடு, 2018-இல் வந்த மேக்ஓஎஸ் மொஹாவி முதல் ஆப்பிள் கணினிகளில் ஒவ்வொரு செயலியும் மைக்கைத் தொட உடையவரின் சம்மதம் பெற வேண்டியதாயிற்று. விண்டோஸ் 10-இலும் இதைப் போன்ற காவல் உண்டு. பிரௌசரோ ஒவ்வொரு தளத்துக்கும் தனித்தனியே கேட்கிறது. அவசரத்தில் ஒருமுறை மறுத்தது மனத்தை விட்டு அகன்றாலும் கணினியின் நினைவை விட்டு அகலாது. அமைப்புப் பக்கத்திற்குச் சென்று சம்மதம் தந்தாலன்றி எத்தனை கம்பி மாற்றியும் பயனில்லை. மற்றொரு மயக்கம், கணினி அந்த மைக்கை விட்டுவிட்டுத் தன் உடம்பிலேயே பதிந்திருக்கும் சிறு மைக்கைக் கேட்டுக்கொண்டிருப்பது. இங்கே, நூறாண்டுக்கு மேல் பழகிய அந்தத் தட்டுதல் உண்மையாகவே உதவுகிறது. மைக்கின் கூட்டை மெல்லத் தட்டியபடி திரையில் ஒலியளவுக் கோட்டைப் பார்க்க வேண்டும்; கோடு துள்ளி எழுந்தால் கணினி அதைத்தான் கேட்கிறது. சற்றே நடுங்கி அடங்கினால் வேறொன்றைக் கேட்கிறது.

இவ்வளவுக்கும் வசப்படாத மைக்கை மற்றொரு கணினியில் செருகிப் பார்ப்பது சந்தேகத்தை இரண்டாக வெட்டிவிடும். அங்கே பேசினால் குற்றம் முதல் கணினியுடையது. அங்கும் பேசாமல், செருகும் முனையை விரலால் சற்று அழுத்தும்போது மட்டும் விழித்துக்கொள்ளுமானால், உள்ளே பலகையில் பற்றவைத்த துவாரம் பெயர்ந்திருக்கக்கூடும். மைக்செட்காரர் கம்பியின் கழுத்தில் தேடிய அதே பழுதுதான் அது. இதற்காக மைக்கை வீசியெறிய வேண்டியதில்லை. சென்னை ரிட்சி தெருவிலும், ஏறக்குறைய ஒவ்வொரு ஊர்க் கடைத்தெருவிலும், பூதக்கண்ணாடியும் வெப்பக்காற்றுக் குழலும் வைத்துக்கொண்டு கைப்பேசிகளின் மின்னேற்றுத் துவாரங்களை நாள்தோறும் மாற்றித் தருகிறவர்கள் இருக்கிறார்கள். மைக்கில் உள்ளதும் அதைப் போன்ற துவாரம்தான் என்பதைக் காட்டிக் கேட்டால், அவர்கள் அதையும் மாற்றித் தருவார்கள்.