நீர் விமான நிலையம்

நீர் விமான நிலையம் என்பது நீரில் இறங்கி நீரிலிருந்தே எழும்பும் விமானங்களுக்கென எல்லை வகுத்து ஒதுக்கப்பட்ட நீர்ப்பரப்பையும், அதைச் சார்ந்த கரை வசதிகளையும் சேர்த்துக் குறிக்கும் சொல். ஏரி, ஆறு, காயல், அணைத் தேக்கம், அலையடங்கிய விரிகுடா என எதிலும் இது அமையலாம். இந்திய அரசு ஆவணங்கள் இதை ‘வாட்டர் ஏரோடிரோம்’ என்கின்றன. கேரளத்திலும் செய்தித்தாள்களிலும் ‘வாட்டர்டிரோம்’ என்ற சுருக்கம் பரவியிருக்கிறது. விமானம் ஒருமுறை இறங்கிவிட்டதால் மட்டும் ஓர் ஏரி நீர் விமான நிலையம் ஆகிவிடாது. இறங்கும் பாதை அளந்து குறிக்கப்பட்டு, அதன் பாதுகாப்புக்குப் பொறுப்பேற்கும் ஓர் அமைப்பு இருந்தால்தான் அந்தப் பெயர் பொருந்தும்.

சொல்லும் அதன் உறவுச் சொற்களும்

‘ஏரோடிரோம்’ என்பதிலுள்ள ‘டிரோம்’, ஓட்டத்தையும் ஓட்டக்களத்தையும் குறிக்கும் ‘டிரோமோஸ்’ என்ற கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது. நீர் விமான நிலையத்துக்குப் பல நாடுகள் பல பெயர்களை உருவாக்கிக்கொண்டன. கனடாவிலும் இந்தியாவிலும் ‘வாட்டர் ஏரோடிரோம்’ என்பது அதிகாரபூர்வ வழக்கு. அமெரிக்காவில் ‘சீபிளேன் பேஸ்’ என்பார்கள். பிரெஞ்சுக்காரர்கள் நீர் விமானத்தை ‘ஹைட்ராவியோன்’ என்பதால் அதன் தளம் ‘ஹைட்ரோபாஸ்’ ஆயிற்று.

குழப்பம் தருவது ‘சீட்ரோம்’ என்ற சொல். நீர் விமானம் இறங்கும் கடற்பரப்பையும் அது குறித்திருக்கிறது. வேறொரு பொருளையும் அதற்கு ஏற்றியிருக்கிறார்கள். எட்வர்ட் ஆம்ஸ்ட்ராங் என்ற அமெரிக்கப் பொறியாளர், அட்லாண்டிக் கடலில் மிதக்கும் மேடைகளை வரிசையாக நிறுத்தி, கடல் தாண்டும் சாதாரண விமானங்கள் அவற்றில் இறங்கி எரிபொருள் நிரப்பிக்கொள்ளலாம் என்று திட்டம் வகுத்தார். அந்த மேடைகளுக்கும் ‘சீட்ரோம்’ என்றே பெயர். திட்டம் காகிதத்தோடு நின்றது. பழைய நூல்களில் இந்தச் சொல்லைக் காண்பவர் எந்தப் பொருளில் வருகிறது என்று பார்த்துக்கொள்ள வேண்டும்.

இறங்கும் விமானங்களிலும் மூன்று வகை உண்டு. சக்கரம் இருக்க வேண்டிய இடத்தில் இரண்டு மிதவைகளைப் பொருத்தியது மிதவை விமானம். வயிற்றுப் பகுதியே படகின் அடிப்பாகம் போல் அமைந்தது பறக்கும் படகு. நீரிலும் தரையிலும் இறங்க வல்லது ஈரிட விமானம். இந்த மூன்றாம் வகை இரவில் சாதாரண விமான நிலையத்தில் நின்றுவிட்டுப் பகலில் ஏரிக்குப் போகலாம் என்பதால், அதற்குக் கரையில் பெரிய கட்டமைப்பு தேவைப்படாது.

சட்டம் சொல்வது

தரையை மட்டுமே விமான நிலையமாக நினைப்பது நம் பழக்கம். இந்தியச் சட்டம் அப்படி நினைக்கவில்லை. 1934-ஆம் ஆண்டின் இந்திய வானூர்திச் சட்டம் ‘ஏரோடிரோம்’ என்பதை வரையறுத்தபோதே நிலப்பரப்பையும் நீர்ப்பரப்பையும் ஒன்றாகச் சேர்த்தது. அங்குள்ள கட்டடம், கொட்டகை ஆகியவற்றோடு கலங்களையும் படகுத்துறைகளையும் அந்த வரையறைக்குள் கொண்டுவந்தது. பறக்கும் படகுகள் பயணிகளை ஏற்றிச்சென்ற காலத்துச் சட்டம் அது. 2025 ஜனவரி 1 முதல் அதன் இடத்தில் ‘பாரதீய வாயுயான் அதிநியம், 2024’ நடைமுறையில் இருக்கிறது. பன்னாட்டு சிவில் விமானப் போக்குவரத்து அமைப்பின் வரையறையும் தரை, நீர் இரண்டையும் சொல்கிறது. அதன் வரைபடக் குறியீட்டில் நீர் விமான நிலையத்துக்கு அடையாளம், வட்டத்துக்குள் ஒரு நங்கூரம்.

நீரைத் தொட்ட கணத்தில் விமானம் கப்பல்களுக்கான விதிகளுக்குள்ளும் வந்துவிடுகிறது. கடலில் மோதலைத் தடுக்கும் 1972-ஆம் ஆண்டுப் பன்னாட்டு விதிகளில் 18-ஆம் விதி, நீர்மேல் இருக்கும் விமானம் பொதுவாக எல்லாக் கலங்களுக்கும் ஒதுங்கி வழிவிட வேண்டும் என்கிறது. கட்டுமரத்துக்கும் விசைப்படகுக்கும் விமானம்தான் விலக வேண்டும். ஒதுக்கப்பட்ட பாதையில் படகு வராமல் பார்த்துக்கொள்வது நீர் விமான நிலையத்தின் அடிப்படை வேலையாக இருப்பதற்கு இதுவும் ஒரு காரணம்.

அமைப்பு

தரை ஓடுபாதையில் வண்ணம் பூசிக் கோடு போடலாம், தண்ணீரில் முடியாது. நீர் ஓடுபாதையின் இரு முனைகளும் ஆயத்தொலைவுகளால் வரைபடத்தில் குறிக்கப்படுகின்றன. தேவைப்பட்ட இடங்களில் போயா எனப்படும் மிதவைக் குறிகளை நங்கூரமிட்டு நிறுத்துகிறார்கள். சுமார் 6 அடி, அதாவது 1.8 மீட்டர் ஆழம் இருப்பது நல்லது என்பது பரவலாக ஏற்கப்பட்ட அளவு. நீர்மட்டம் மிகக் குறையும் நாளையும் கணக்கில் வைத்தே ஆழத்தை அளக்க வேண்டும். பாதையின் இரு பக்கமும், விமானம் தாழ்ந்து வரும் வழியிலும் மின்கம்பி, பாலம், உயரமான மரம் இருக்கக் கூடாது.

கரையோரத்தில் மிதக்கும் ஜெட்டி இருக்கும். நீர்மட்டம் ஏறி இறங்கினாலும் மேடை அதனுடன் சேர்ந்து ஏறி இறங்குவதால் பயணிகள் காலெடுத்து வைக்கும் உயரம் மாறாது. காற்றின் திசையைக் காட்டும் துணிப்பை, எரிபொருள் நிரப்பும் வசதி, தீயணைப்பு ஏற்பாடு, உயிர்காப்பு அங்கிகள், மீட்புப் படகு ஆகியவை மற்ற தேவைகள். ஒவ்வொரு முறை விமானம் வருமுன்னும் ஒரு படகு பாதை நெடுகிலும் போய் வரும். மிதந்து வரும் மரக்கட்டை, ஆகாயத்தாமரைத் திட்டு, அறுந்த வலை, தண்ணீர் பாட்டில் ஆகியவற்றைப் பொறுக்கி எடுப்பது அதன் வேலை. வேகமாக ஓடும் மிதவையைக் கிழிக்க ஒரு கட்டை போதும். கடலிலும் காயலிலும் ஓடும் விமானத்தை உப்பு அரிக்கும் என்பதால் நல்ல தண்ணீரால் அதைக் கழுவி வைக்கவும் வசதி வேண்டும்.

இறங்கும் முறை

நீரில் இருக்கும் விமானத்துக்கு பிரேக் கிடையாது. என்ஜின் ஓடும்வரை அது நகர்ந்துகொண்டே இருக்கும். என்ஜினை நிறுத்தினால் காற்றும் நீரோட்டமும் இழுத்துப் போகும். அதனால் ஜெட்டியை நெருங்கும்போது விமானி என்ஜினை அணைத்துவிட்டு, மிச்ச வேகத்தில் விமானத்தை மிதக்க விடுவார். ஊழியர் ஒருவர் மிதவையின் மேலோ ஜெட்டியின் விளிம்பிலோ நின்று, கயிற்றை வீசிப் பிடித்து முளையில் கட்டுவார். பரிசலைக் கரைசேர்க்கும் அதே சூட்சுமம்தான்.

அலை பெரிதாக இருந்தால் ஆபத்து என்பது எல்லோரும் ஊகிக்கக் கூடியது. அலையே இல்லாவிட்டாலும் ஆபத்து உண்டு. காற்றில்லாத காலைப் பொழுதில் ஏரி கண்ணாடிபோல் அசையாமல் கிடக்கும். வானம் அதில் அப்படியே தெரியும். நீர்மட்டம் எங்கே இருக்கிறது, தான் எத்தனை அடி உயரத்தில் இருக்கிறோம் என்பதை விமானியின் கண்ணால் மதிப்பிட முடியாது. அப்போது கரையோர மரங்களை அடையாளமாக வைத்துக்கொண்டு, மிகக் குறைந்த சீரான வேகத்தில் கீழிறங்கி, மிதவை தானாகத் தண்ணீரைத் தொடும்வரை பொறுத்திருக்கப் பயிற்சி தருகிறார்கள். மெல்லிய சிற்றலை புரளும் தண்ணீரே இறங்க உகந்தது.

வரலாறு

பிரான்சின் ஹென்றி ஃபாப்ர் 1910 மார்ச் 28 அன்று எத்தாங் த பேர் என்ற உப்பேரியில், என்ஜின் விசையால் நீரிலிருந்தே எழும்பிய முதல் விமானத்தை ஓட்டினார். அடுத்த முப்பதாண்டுகளில் நெடுந்தூரப் பயணத்துக்குப் பறக்கும் படகுகளே முன்னணியில் நின்றன. கனமான விமானத்தைத் தாங்கும் நீண்ட தரை ஓடுபாதைகள் அன்று அரிதாக இருந்ததே இதற்குக் காரணம்.

1930-களின் இறுதியில் இம்பீரியல் ஏர்வேஸ் நிறுவனத்தின் பறக்கும் படகுகள் இங்கிலாந்திலிருந்து கிழக்கு நோக்கிப் போகையில் கராச்சி, ராஜஸ்தானின் ராஜசமந்த் ஏரி, குவாலியர், அலகாபாத், கல்கத்தாவின் ஹூக்ளி ஆறு ஆகிய இடங்களில் இறங்கின. சிங்கப்பூரில் 1937 ஜூன் 12 அன்று திறக்கப்பட்ட காலாங் விமான நிலையம் தரை ஓடுதளத்தோடு, நீர் விமானங்களைக் கரையேற்றும் சாய்தளத்தையும் சேர்த்தே கட்டப்பட்டது.

தமிழ்நாட்டில் இதற்கு நிகரான இடம் சென்னையை அடுத்த புழல் ஏரி. இரண்டாம் உலகப் போரின்போது பிரிட்டிஷ் விமானப்படை இந்த ஏரியை ‘ரெட்ஹில்ஸ் லேக்’ தளமாகப் பயன்படுத்தியது. அதன் 240-ஆம் அணியின் கேட்டலினா பறக்கும் படகுகள் இங்கிருந்து கிளம்பி வங்காள விரிகுடாவில் கண்காணிப்புக்குச் சென்றன. நகரத்துக்குக் குடிநீர் தரும் ஏரி அப்படிப் போர்த் தளமாகவும் இருந்தது.

இலங்கையின் காலி மாவட்டத்திலுள்ள கொக்கல ஏரிக்கு இன்னும் பெரிய இடம் உண்டு. 1942 ஏப்ரல் 4 அன்று அங்கிருந்து கேட்டலினாவில் சென்ற கனடிய விமானி லியனார்ட் பர்ச்சால், இலங்கையை நோக்கி வந்த ஜப்பானியக் கடற்படையைக் கண்டு செய்தி அனுப்பினார். மறுநாள் ஈஸ்டர் ஞாயிறன்று கொழும்பு தாக்கப்பட்டபோது நகரம் ஓரளவு தயாராக இருந்தது. 1943 முதல் 1945 வரை குவாண்டாஸ் நிறுவனம் ஆஸ்திரேலியாவின் பெர்த் நகரத்துக்கும் கொக்கலவுக்கும் இடையே கேட்டலினாக்களை ஓட்டியது. சுமார் 5,600 கிலோமீட்டர் தூரத்தைக் கடக்க 27 முதல் 33 மணி நேரம் வரை ஆனது. பயணிகள் வானிலேயே இரண்டு சூரிய உதயங்களைக் கண்டதால் அதற்கு ‘டபுள் சன்ரைஸ்’ என்று பெயர்.

போர்க்காலத்தில் உலகெங்கும் தரை ஓடுபாதைகள் பெருகின. அதோடு பறக்கும் படகுகளின் காலமும் முடிந்தது. இன்று நீர் விமானங்கள் தீவுகளிலும் சாலை எட்டாத காடுகளிலும் தழைக்கின்றன. அலாஸ்காவின் லேக் ஹூட், கனடாவின் வான்கூவர் துறைமுகம், மாலத்தீவின் மாலே ஆகியவை இதற்குப் பேர்போனவை.

இந்தியாவில் அண்மைக் காலம்

அந்தமானில் பவன் ஹன்ஸ் நிறுவனம் ‘ஜல் ஹன்ஸ்’ என்ற பெயரில் செஸ்னா கேரவன் ஈரிட விமானத்தை இயக்கியது. 2010 டிசம்பரில் அது மும்பையில் அறிமுகமானது. 2017 டிசம்பர் 12 அன்று பிரதமர் நரேந்திர மோடி சபர்மதி ஆற்றிலிருந்து தரோய் அணைக்கு நீர் விமானத்தில் சென்றார். 2018-இல் சிவில் விமானப் போக்குவரத்து இயக்குநரகம் நீர் விமான நிலையங்களுக்கான உரிம விதிகளை வெளியிட்டது.

2020 அக்டோபர் 31 அன்று அகமதாபாத் சபர்மதிக் கரைக்கும் கேவடியாவிலுள்ள படேல் சிலைக்கும் இடையே சேவை தொடங்கியது. கேவடியாவில் விமானம் இறங்கவிருந்த நீர்த்தேக்கத்தில் முதலைகள் இருந்ததால் வனத்துறை முன்னதாகவே அவற்றைப் பிடித்து இடம் மாற்றியது. மாலத்தீவிலிருந்து குத்தகைக்கு வந்த ட்வின் ஆட்டர் விமானம் பராமரிப்புக்காக மீண்டும் மாலத்தீவுக்கே போக வேண்டியிருந்தது. 2021 ஏப்ரலில் சேவை நின்றது. ஜெட்டி, பாதை, உரிமம் எல்லாம் இருந்தும் விமானத்தைப் பழுதுபார்க்கும் இடம் நாட்டுக்குள் இல்லாதது பெருங்குறையாக இருந்தது.

2024 ஆகஸ்டில் ஒன்றிய அரசு நடைமுறைகளை எளிதாக்கும் புதிய வழிகாட்டுதல்களை வெளியிட்டது. அந்த நவம்பரில் விஜயவாடா பிரகாசம் தடுப்பணையிலிருந்து ஸ்ரீசைலத்துக்கும், கொச்சி போல்காட்டியிலிருந்து மூணாறை அடுத்த மாட்டுப்பெட்டி அணைக்கும் சோதனைப் பறப்புகள் நடந்தன.

கேரளத்துக்கு இது முதல் முயற்சியல்ல. 2013 ஜூனில் கொல்லம் அஷ்டமுடிக் காயலில் தொடங்கிவைத்த திட்டம், ஆலப்புழையில் மீனவர்கள் படகுகளோடு திரண்டு எதிர்த்ததால் முன்னேறவில்லை. விமானப் பாதைக்காகக் காயலில் ஒரு பகுதி மூடப்பட்டால் வலை போடும் இடம் போய்விடும் என்பது அவர்கள் வாதம். நீர்ப்பரப்பு யாருக்கும் பயன்படாமல் கிடக்கும் வெற்றிடமல்ல என்பதை அரசுக்கு உணர்த்திய நிகழ்வு இது.

விருதுநகர் வட்டாரம்

விருதுநகரை ஒட்டிய சூலக்கரைப் பகுதி மக்கள் விமானமேற மதுரைக்குத்தான் போகிறார்கள். குல்லூர்சந்தை, வெம்பக்கோட்டை, ஆனைக்குட்டம், கோல்வார்பட்டி, இருக்கன்குடி எனச் சுற்றிலும் நீர்த்தேக்கங்கள் இருக்கின்றனவே, அவற்றில் நீர் விமானம் இறங்க முடியாதா என்ற கேள்வி இயல்பானது. வானம் பார்த்த பூமியில் இவை வடகிழக்குப் பருவமழையை நம்பியிருக்கின்றன. ஐப்பசி, கார்த்திகையில் நிறையும் தண்ணீர் சித்திரை வெயிலில் வற்றிச் சுருங்குகிறது. கண்மாய்களின் உட்பரப்பிலேயே சீமைக்கருவேலம் மண்டிக் கிடக்கிறது. ஆண்டு முழுவதும் மாறாத ஆழமும் தடையற்ற நீண்ட நீர்ப்பாதையும் கேட்கும் ஓர் ஏற்பாட்டுக்கு இந்த நிலம் தோதானதல்ல.

தமிழில் எழுதும்போது

‘கடல் விமானம்’ என்பது செய்தித் தமிழில் பரவலான வழக்கு. ஆனால் இந்தியாவில் இவை பெரும்பாலும் ஆற்றிலும் அணையிலும் இறங்குவதால் ‘நீர் விமானம்’ என்பதே எல்லா இடத்துக்கும் பொருந்தும். முழு வளாகத்தையும் உரிமத்தையும் பேசும்போது ‘நீர் விமான நிலையம்’ என்றும், விமானம் ஓடி எழும் பகுதியை மட்டும் சொல்லும்போது ‘நீர் ஓடுபாதை’ என்றும், பயணிகள் ஏறி இறங்கும் மேடையைச் சொல்லும்போது ‘ஜெட்டி’ என்றும், இலங்கை வழக்கில் ‘இறங்குதுறை’ என்றும் எழுதலாம். சோதனைக்காக ஒருநாள் விமானம் வந்துபோன ஏரியை நீர் விமான நிலையம் என்று எழுதுவது பிழை. அந்த இடத்தில் ‘நீர் விமானம் இறங்கிய ஏரி’ என்பதே போதும்.