வேனிலின் ஓய்வு யாருக்கு?

காமனுக்குத் தமிழ் வழங்கிய பெயர்களுள் ஒன்று வேனிலான். வேனிலுக்கும் கட்டுத் தளர்ந்த மனத்துக்கும் உள்ள உறவை அச்சொல்லே ஏற்றுக்கொள்கிறது. ஆனால் கட்டைத் தளர்த்துவது வெயில்தானா? பாறசாலை, நெய்யாற்றின்கரை எல்லைப்புற ஊர்களின் பழைய உழைப்பு முறை வேறு விடை தருகிறது.

தெற்குத் திருவிதாங்கூரின் இருபோக நெல், அறுவடை மாதத்தால் பெயர் பெற்றது: கன்னிப்பூ, கும்பப்பூ. கும்பப்பூ அறுத்துக் களம் ஒழிந்தபின், அடுத்த விதைப்புக்கு நிலம் திருத்தும்வரை வயலில் வேலை குறைவு. பத்தாயத்தில் நெல் உண்டு. பத்திரகாளி கோயில்களின் பெருவிழாக்கள் பெரும்பாலும் இந்த இடைவெளியில்தான் வருகின்றன. கொல்லங்கோட்டுத் தூக்கம் மீனப் பரணியில் நிகழ்கிறது. வெள்ளாயணிக் காளியூட்டில் தேவியும் தாரிகனும் பரண்மீதேறி ஒருவரையொருவர் அறைகூவுவதை ஊரே இரவு முழுதும் விழித்திருந்து காண்கிறது.

இத்தளர்ச்சியின் உச்சத்தைக் காண வடக்கே கொடுங்கல்லூருக்குச் செல்லவேண்டும். அங்கு மீனப் பரணிக்கு வரும் அடியார்கள், ஆணும் பெண்ணுமாக, பிற நாட்களில் நாவெடுக்கக் கூசும் பாலியற் பாடல்களைத் தேவியின் முன்னிலையிலேயே பாடுகின்றனர். சடங்கின் பெயர் காவு தீண்டல். ‘தீண்டாமை’ என்னும் சொல்லில் விலக்கப்பட்ட அதே வினை இங்கு வழிபாடாகிறது. அன்று நாவின் கட்டும் சாதியின் கட்டும் ஒருசேரத் தளர்ந்தன. பரணி கழிந்ததும் இரண்டும் மீண்டன. நாள் குறித்து வழங்கப்பட்ட இவ்விடுதலையை வெயிலின் விளைவு என்பது பொருந்தாது.

வெயிலே காரணமாயின் அது எல்லோரையும் ஒருபடியாகத் தளர்த்தியிருக்க வேண்டும். இதே எல்லைப்புற ஊர்களின் பனையேறிக் குடும்பங்களுக்கு மீனமும் மேடமும் ஆண்டின் கடுமையான உழைப்புக் காலம். அக்கானி ஊறும் பருவத்தில் காலையும் மாலையும் மரந்தோறும் ஏறிப் பாளை சீவவேண்டும். இறக்கிய அக்கானியைப் புளிக்குமுன் பெண்கள் அடுப்பேற்றிக் கருப்பட்டியாகக் காய்ச்சவேண்டும். ஒருநாள் தவறினாலும் பாளை கெடும். வயற்கரையில் ஓய்வைத் தந்த அதே வெயில், பனங்காட்டில் ஓய்வைப் பறித்தது. வேனில் என்றாலே களியாட்டம் என்பது நெல் நிலத்திலிருந்து எழுந்த பார்வை; பனையேறியின் நாட்காட்டி அதில் இடம்பெறவில்லை.

1956 நவம்பர் 1 அன்று விளவங்கோடு தமிழகத்தோடு இணைந்தது; நெய்யாற்றின்கரை கேரளத்தில் நின்றது. இன்று வயல்களிற் பல ரப்பரும் வாழையும் மரவள்ளியும் ஆகிவிட்டன, பனையேறுவோர் அருகிவிட்டனர். விழாக்கள் மட்டும் தம் மாதங்களை விடவில்லை. எந்த ஓய்வுக்காக அந்நாட்கள் குறிக்கப்பட்டனவோ அந்த ஓய்வு மறைந்தபின்னும் விழா நிற்கிறது. வேனில் விழாக்களை ஆராய்வோர் வெப்பத்தை அளப்பதற்குமுன், அந்த மாதத்தில் யார் வேலையின்றி இருந்தார், யார் மரத்தின்மேல் இருந்தார் என்று கேட்பதே முறை.