கோணமலைத் துறையில் கரையேறிய கதைகள்

துறைமுகம் ஒரு நாட்டின் தலைவாயில். அவ்வாயிலின் வழியே மிளகும் முத்தும் துணியும் போய்வந்த செய்தியை வரலாற்று நூல்கள் விரித்துரைக்கும். கப்பலின் அடித்தட்டில் ஏற்றப்படாத, சுங்கக் கணக்கில் எழுதப்படாத சரக்கு ஒன்றும் உண்டு. அது கதை. ஈழத்தின் கீழ்க்கரையில் அமைந்த திருகோணமலைத் துறையின் வரலாற்றை இந்தச் சரக்கைக் கொண்டு நோக்கினால், போர்களின் வரலாற்றில் தோன்றாத வேறொரு காட்சி புலப்படும்.

போர்களுக்கு அங்கே குறைவில்லை. பதினேழாம் நூற்றாண்டின் முற்பகுதியில் போர்த்துக்கேயர் கோணேசர் கோயிலை இடித்து, அதன் கற்களைக் கொண்டே கோட்டை கட்டினர். பின்னர் ஒல்லாந்தர் வந்தனர். 1782ஆம் ஆண்டு ஒன்றிலேயே ஒல்லாந்தரிடமிருந்து ஆங்கிலேயர் கோட்டையைக் கைப்பற்ற, ஆங்கிலேயரிடமிருந்து பிரெஞ்சுக்காரர் கைப்பற்றினர். 1795இல் ஆங்கிலேயர் மீண்டும் வந்து நிலைத்தனர். அவர்களுடைய கடற்படைத் தளம் 1957இல்தான் இலங்கையின் கைக்கு வந்தது. கொடிகள் இவ்வாறு மாறிக்கொண்டே இருந்தன. கதைகளோ எந்தக் கொடிக்கும் கட்டுப்படவில்லை.

இத்துறையை நாடிக் கடல் கடந்து வந்த இலக்கியத்துள் மிகப் பழையது ஞானசம்பந்தரின் திருப்பதிகம். ஏழாம் நூற்றாண்டினரான சம்பந்தர் ஈழத்துக்கு வந்தாரல்லர். இராமேசுவரத்தில் நின்றவாறே கோணமலைப் பெருமானை நினைந்து அவர் பாடினார் என்று சேக்கிழார் கூறுவார். பாடியவர் அக்கரையில் நின்றார். பாட்டுக் கடலைக் கடந்தது. கோயில் இடிந்து மண்ணோடு மண்ணாகிய காலத்தும் பதிகம் இடியவில்லை. கல்லினும் சொல் வலிது என்பதற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுவதில்லை.

இனி, இக்கரையிலிருந்து வெளியே சென்ற கதை ஒன்று. புயலில் பாய்மரம் முறிந்த 'ஆன்' என்னும் ஆங்கிலக் கப்பல், பழுது பார்ப்பதற்காகத் திருகோணமலையை அடுத்த கொட்டியாரக் குடாவை வந்தடைந்தது. 1660ஆம் ஆண்டில், கண்டியரசன் இரண்டாம் இராசசிங்கனின் ஆட்கள் கப்பல் தலைவரையும் அவர் மைந்தரையும் மாலுமியர் சிலரையும் சிறைப்பிடித்து மலைநாட்டுக்குக் கொண்டு சென்றனர். தந்தை மறு ஆண்டிலேயே நோயுற்று இறந்தார். மைந்தரான றொபேட் நொக்ஸ் பத்தொன்பது ஆண்டுகள் சிறையிருந்தார். சிறை என்றால் இருட்டறை அன்று. ஊரூராக மக்களிடையே வைக்கப்பட்டார், நிலம் வாங்கினார், தொப்பி பின்னி விற்றுப் பிழைத்தார், சிங்கள மொழியைத் தம் மொழிபோலப் பேசினார்.

அவருடைய வாழ்வில் ஒரு நிகழ்ச்சி நினைக்கத்தக்கது. முதியவர் ஒருவர் ஆங்கில விவிலிய நூல் ஒன்றை அவரிடம் கொண்டுவந்தார். கொழும்பைப் போர்த்துக்கேயர் இழந்து வெளியேறிய காலத்தில் அம்முதியவர் கைக்கு அது கிட்டியதாம். அவரால் அதைப் படிக்க இயலாது. ஆயினும் எறிந்துவிடவும் இல்லை. படிக்கவல்லார் ஒருவர் கைக்குச் சேரும்வரை வைத்திருந்தார். நொக்ஸ் தம் கையால் பின்னிய தொப்பி ஒன்றை விலையாகக் கொடுத்து நூலைப் பெற்றார். தாய்மொழி நூல் ஒன்று மீண்டும் கைக்கு வந்ததை இறைவன் அருளாகவே அவர் எண்ணினார். அந்நூல் எத்தனை கைகள் மாறி, எத்தனை எல்லைகளைக் கடந்து அந்த மலையூரை அடைந்திருக்கும்!

1679இல் நொக்ஸ் தோழர் ஒருவருடன் தப்பினார். அநுராதபுரத்தைக் கடந்து, தமிழர் அருவியாறு என்று வழங்கும் மல்வத்து ஓயாவின் கரையைப் பற்றிக்கொண்டு காட்டு வழியே நடந்து, மன்னார்ப் பகுதியில் ஒல்லாந்தருடைய அரிப்புக் கோட்டையை அடைந்தார். இலங்கையைப் பற்றிய அவருடைய நூல் 1681இல் இலண்டனில் வெளிவந்தது. 1689இல் ஜெர்மன் மொழியிலும், 1692இல் ஒல்லாந்த மொழியிலும், 1693இல் பிரெஞ்சிலும் அது பெயர்க்கப்பட்டது.

அந்நூல் சென்ற இடங்கள் வியப்பூட்டுவன. எல்லையற்ற முடியாட்சியில் குடிகளுக்குக் காப்பு உண்டோ என்று ஆராய்ந்த ஆங்கில மெய்யறிஞர் ஜோன் லொக், அரசியல் பற்றிய தம் புகழ்பெற்ற நூலில், அண்மையில் வந்த இலங்கை வரலாற்றைப் பார்த்துத் தெளிக என்று வாசகரை நொக்ஸின் பக்கம் திருப்பினார். கதையாசிரியர் டானியல் டீபோ 1720இல் வெளியிட்ட நாவல் ஒன்றில் நொக்ஸின் வரலாற்றையே சுருக்கிச் சொன்னார். அதற்கு முந்திய ஆண்டில் அவர் படைத்த றொபின்சன் குரூசோவுக்கும் நொக்ஸின் வாழ்வு கருவளித்திருக்கலாம் என ஆராய்ச்சியாளர் கருதுவர். அந்தக் குரூசோவின் கதை பிற்காலத்தில் தமிழிலும் பெயர்க்கப்பட்டது. கொட்டியாரக் கரையில் தொடங்கிய ஒரு துன்பம் உலகைச் சுற்றித் தமிழ்ச் சிறுவரின் கையில் கதைப் புத்தகமாக வந்து சேர்ந்தது என்று கொண்டால், அது வெறுங் கற்பனை ஆகாது. ஆனால் ஒன்றை மறத்தலாகாது. நொக்ஸ் எழுதியது சிறைப்பட்டவர் தீட்டிய ஓவியம். அவர் கண்ட இராசசிங்கன் வேறு. அவன் குடிகள் கண்ட இராசசிங்கன் வேறாகவும் இருக்கலாம். எல்லை கடக்கும் நூல் உண்மையைச் சுமந்து செல்வதுபோலவே எழுதியவரின் காயத்தையும் சுமந்து செல்லும்.

வெளியே சென்ற கதைக்கு ஈடாக உள்ளே வந்த கதையும் உண்டு. திருகோணமலை இன்னாசித்தம்பி என்பார் 1891இல் 'ஊசோன் பாலந்தை கதை' என்னும் உரைநடை நூலை வெளியிட்டார். கண்டியைச் சேர்ந்த சித்திலெப்பை 1885இல் வெளியிட்ட அசன்பேயின் வரலாற்றை அடுத்து, ஈழத்துத் தமிழ் நாவல் வரலாற்றில் வைத்து எண்ணப்படும் நூல் இது. ஊசோன் என்பது ஓர்சன். பாலந்தை என்பது வலன்ரைன். ஐரோப்பாவில் பல நூற்றாண்டுகளாக வழங்கிய இரட்டையர் கதையே தமிழுடை உடுத்து இங்கு வந்தது.

அக்கதை 1489இல் பிரான்சின் லியோன் நகரில் அச்சேறியது. பிரெஞ்சு மன்னன் பெப்பினின் உடன்பிறந்தாள் கொன்ஸ்தாந்திநோப்பிள் பேரரசனுக்கு மனைவியாகிறாள். பொய்ப்பழி சுமத்தப்பட்டு, கருவுற்ற நிலையில் நாடு கடத்தப்படுகிறாள். காட்டிலே இரட்டையரைப் பெறுகிறாள். ஒரு குழந்தையைக் கரடி கவர்ந்து சென்று வளர்க்கிறது. மற்றொன்று அரண்மனையில் வீரனாக வளர்கிறது. பின்னர் இருவரும் உடன்பிறந்தோர் என அறியாமலே தம்முட் பொருகின்றனர்; முடிவில் உண்மை தெளிந்து, தாயோடு ஒன்று சேர்கின்றனர்.

இக்கதை தமிழ்க் காதுக்கு அயலானதா? பழி சுமந்து காட்டுக்குச் சென்ற கருவுற்ற சீதையும், அங்கே பிறந்த குசனும் இலவனும் நினைவுக்கு வாராரோ? உடன்பிறந்தோராயினும் போர்க்களத்தில் எதிர்நின்ற கன்னனும் அருச்சுனனும் தோன்றாரோ? பிரெஞ்சு நாட்டுக் கதை திருகோணமலைத் திண்ணையில் அமர்ந்தபோது, அங்கே அதற்கு உறவினர் பலர் முன்னமே இருந்தனர். பிறநாட்டுக் கதை ஒன்று வேரூன்றுவதற்கு அந்த உறவே நிலமாகும். தழுவல் என்பதனாலே இந்நூலை நாவல் வரிசையில் வைக்கத் தயங்குவோர் உளர். தயக்கத்திற்குக் காரணம் இல்லாமல் இல்லை. நம்மவர் வாழ்வைக் காட்டுவதே நாவலின் சிறப்பு. எனினும் வடமொழிக் கதையை வாங்கித் தமிழின் பெருங்காவியமாக்கியவர் கம்பர் என்பதையும் எண்ண வேண்டும். கதை எங்கிருந்து வந்தது என்பது முதல் கேள்வி. வந்த இடத்தில் என்ன ஆயிற்று என்பதே முடிவான கேள்வி.

நான்கு ஆண்டுகளின் பின், அதே ஊரினரான தி. த. சரவணமுத்துப்பிள்ளை வேறொரு திசையில் எல்லை கடந்தார். சென்னையில் வாழ்ந்து நூல்நிலையப் பணி புரிந்த இவர், 1895இல் 'மோகனாங்கி' என்னும் நாவலை வெளியிட்டார். தமிழின் முதல் வரலாற்று நாவல் என ஆராய்ச்சியாளர் பலர் குறிப்பது இதனையே. நாயக்க மன்னர் காலத்துத் தமிழ்நாடே அதன் களம். கல்கியின் பார்த்திபன் கனவு வருவதற்கு அரை நூற்றாண்டுக்குச் சற்றுக் குறைந்த காலத்துக்கு முன்னர், தமிழகத்து மன்னர் வரலாற்றை நாவலாக்கியவர் ஓர் ஈழத்தவர் என்பதைத் தமிழுலகம் பெரிதும் மறந்தது. கடல் கடந்து வந்தவனை இரு கரையும் தம்மவன் என்னாது விட்டுவிடுவதும் உண்டு.

அவர் கடந்த எல்லை நிலத்து எல்லை மட்டுமன்று. 1892இல் வெளிவந்த அவருடைய 'தத்தை விடு தூது' கிளியைத் தூதனுப்பும் பழைய வடிவினது. அந்தப் பழைய கூட்டுக்குள்ளிருந்து எழுந்தது புதிய குரல். பெண்ணை அடக்கிவைக்கும் வழக்கத்தைக் கேள்வி கேட்ட குரல். பாரதியார் பத்து வயதுச் சிறுவராய் இருந்த காலத்தில் அது ஒலித்தது. கடலைக் கடப்பதினும் வீட்டு நிலைப்படியைக் கடப்பது கடிது என்பதை அந்நூல் உணர்த்தும்.

திருகோணமலைக்கு வடமேற்கே வெல்கம் விகாரை என்னும் பழைய பௌத்தப் பள்ளி உள்ளது. சோழர் காலத்தில் அதற்கு இராசராசப் பெரும்பள்ளி என்று பெயர். அங்கே கிடைத்த பதினோராம் நூற்றாண்டுத் தமிழ்க் கல்வெட்டுகள் புத்தர் கோயிலுக்கு அளித்த கொடைகளைக் கூறுகின்றன. சைவ மன்னன் பெயர் தாங்கிய பௌத்தப் பள்ளியில் தமிழ் எழுத்து! மொழிக்கு ஒரு சமயம், சமயத்துக்கு ஓர் இனம் என்று பிற்காலத்தார் இட்ட வேலிகளை அந்தக் கற்கள் அறியா.

தமிழரும் முஸ்லிம்களும் சிங்களவரும் கலந்து வாழும் மாவட்டம் அது. 1983 முதல் 2009 வரை நீடித்த போர் அவர்களிடையே ஆழமான பிளவுகளை உண்டாக்கியது. பிரான்சு நாட்டு இரட்டையரைத் தம் வீட்டுப் பிள்ளைகளாக ஏற்ற ஊரில், அயல் வீட்டாரின் கதை அயலதாகவே இருத்தல் தகுமா? படிக்க இயலாத நூலை, படிப்பவர் ஒருவர் வருவார் என்று பேணி வைத்திருந்த அந்த முதியவரின் செயலில் இதற்கு விடை இருக்கிறது. பிறர் மொழி நூலைத் தாம் அறியாவிடினும் மதித்துக் காத்தல் முதற்படி. அதை அறிந்தோர் வாயிலாகக் கேட்டல் அடுத்த படி. கேட்டபின், அங்கும் ஒரு சீதை, அங்கும் ஓர் இலவன் இருப்பது தெரியும்.