உரிமையியல் மேல்முறையீட்டில் கூடுதல் சான்று

உரிமையியல் மேல்முறையீட்டில் கூடுதல் சான்று என்பது, விசாரணை நீதிமன்றத்தில் முன்வைக்கப்படாத ஆவணத்தையோ சாட்சியையோ மேல்முறையீட்டு நீதிமன்றம் ஏற்றுக்கொள்வதைக் குறிக்கும். இந்தியாவில் இதற்கான அதிகாரத்தை உரிமையியல் நடைமுறைச் சட்டம், 1908இன் பிரிவு 107 வழங்குகிறது. நிபந்தனைகள் கட்டளை 41, விதி 27இல் உள்ளன. கீழ் நீதிமன்றத்துப் பதிவேட்டைக் கொண்டே மேல்முறையீட்டை முடிவுசெய்வது பொது விதி. கூடுதல் சான்று அதற்கு விலக்கு.

நிபந்தனைகள்

கட்சிக்காரர் கூடுதல் சான்றை உரிமையாகக் கோர முடியாது என்றே விதி தொடங்குகிறது. மூன்று சூழல்களில் மட்டும் அனுமதி உண்டு. ஒன்று, ஏற்றிருக்க வேண்டிய சான்றை விசாரணை நீதிமன்றம் மறுத்திருப்பது. இரண்டு, உரிய முயற்சி எடுத்தும் அச்சான்று தெரியவராமலோ, தீர்ப்பாணைக்கு முன் தாக்கல் செய்ய இயலாமலோ போனது. இக்கூறு 1976ஆம் ஆண்டுத் திருத்தத்தால் சேர்க்கப்பட்டது. மூன்று, தீர்ப்புரைக்கவோ வேறு முக்கியக் காரணத்துக்காகவோ நீதிமன்றத்துக்கே அச்சான்று தேவைப்படுவது. முதல் இரண்டும் கட்சிக்காரரின் நிலையைப் பார்க்கின்றன. மூன்றாவது நீதிமன்றத்தின் தேவையைப் பார்க்கிறது.

சென்னை மேற்குப் புறநகரில்

அம்பத்தூர், பூந்தமல்லி ஆகிய இரு இடங்களிலும் மாவட்ட உரிமையியல் நீதிமன்றங்கள் உள்ளன. பூந்தமல்லியில் சார்பு நீதிமன்றமும் கூடுதல் மாவட்ட நீதிமன்றமும் இயங்குகின்றன. மாவட்ட உரிமையியல் நீதிமன்றத்தின் தீர்ப்பாணைமீது முதல் மேல்முறையீடு பொதுவாகச் சார்பு நீதிமன்றத்துக்குச் செல்லும். கணிசமான சட்டக் கேள்வி எழும் இரண்டாம் மேல்முறையீடு சென்னை உயர் நீதிமன்றத்துக்குரியது.

வயலும் ஏரிப்பாசன நிலமும் மனைகளாக மாறிய இப்பகுதியில் உரிமை விளம்புகை, பாகப்பிரிவினை, உறுத்துக்கட்டளை வழக்குகளில் தாய்ப்பத்திரம், வில்லங்கச் சான்று, பட்டா, 'அ' பதிவேடு ஆகியவை முக்கிய ஆவணங்கள். நிர்வாக எல்லைகளும் மாறியுள்ளன. செங்கல்பட்டு மாவட்டத்திலிருந்து 1997இல் திருவள்ளூர் மாவட்டம் பிரிந்தது. அம்பத்தூர் வட்டம் 2018இல் சென்னை மாவட்டத்தில் சேர்ந்தது. ஆகவே ஒரே சர்வே எண்ணுக்கான பழைய பதிவுகளும் புதிய பதிவுகளும் வெவ்வேறு மாவட்டப் பெயர்களில் இருக்கலாம். ஆயினும், வட்டாட்சியர் அலுவலகத்திலோ சார்பதிவாளர் அலுவலகத்திலோ மனு கொடுத்தால் கிடைத்திருக்கும் நகலை, 'தெரியாது' என்ற ஒரு வரியால் மேல்முறையீட்டில் கொண்டுவருவது கடினம். கட்சிக்காரர் எப்போது தேடினார், எங்கே மனு கொடுத்தார், ஏன் கிடைக்கவில்லை என்பவற்றைப் பிரமாண வாக்குமூலம் விளக்க வேண்டும்.

நடைமுறை

மேல்முறையீட்டோடு கூடுதல் சான்று கோரும் இடைமனு, ஆவணங்களுடன் தாக்கலாகிறது. அதை முதன்மை மேல்முறையீட்டு விசாரணையோடு சேர்த்துப் பரிசீலிக்க வேண்டும் என்று இந்திய ஒன்றியம் எதிர் இப்ராகிம் உத்தின் வழக்கில் (2012) உச்ச நீதிமன்றம் கூறியது. கீழ் நீதிமன்றப் பதிவேட்டைப் படித்த பிறகே அச்சான்று தேவையா என்று தெரியவரும் என்பது இதன் அடிப்படை.

அனுமதித்தால், காரணத்தைப் பதிவுசெய்ய வேண்டும். காரணம் எழுதாமல் விட்டதனாலேயே ஏற்பு செல்லாததாகிவிடாது என்று கே. வெங்கடராமய்யா எதிர் ஏ. சீதாராம ரெட்டி வழக்கில் (1963) உச்ச நீதிமன்றம் விளக்கியது. விதி 28இன்படி மேல்முறையீட்டு நீதிமன்றமே சான்றைப் பதிவுசெய்யலாம், அல்லது விசாரணை நீதிமன்றத்தைப் பதிவுசெய்து அனுப்பச் சொல்லலாம். எந்தெந்த விஷயங்களில் சான்று பெறப்பட வேண்டும் என்பதை விதி 29 வரையறுக்கச் சொல்கிறது. ஆவணத்தை ஏற்பது அதை மெய்ப்பிப்பதாகாது. எதிர்த்தரப்புக்குக் குறுக்கு விசாரணைக்கும் மறுப்புச் சான்றுக்கும் வாய்ப்பு தர வேண்டும்.

வரம்புகள்

வழக்கின் ஓட்டைகளை அடைக்கவோ, தோற்ற பின் புதிய கதையைக் கட்டவோ இவ்விதி பயன்படாது. வாதுரையில் சொல்லாத ஒன்றுக்குச் சான்று சேர்க்கவும் இடமில்லை. சான்று முக்கியமானது என்பது மட்டும் போதாது. அது முன்பே ஏன் வரவில்லை என்பதற்கும் விடை வேண்டும். ஆனால் மூன்றாவது கூறின்கீழ், இருக்கும் சான்றைக் கொண்டு தீர்ப்புரைக்க முடியாத நிலை உண்மையாகவே எழுந்தால், கட்சிக்காரரின் அசட்டை தடையாக நிற்பதில்லை.

ஒப்பீடு

இங்கிலாந்தில் லாட் எதிர் மார்ஷல் வழக்கு (1954) மூன்று சோதனைகளை வகுத்தது: முறையான முயற்சியால் விசாரணையிலேயே பெற்றிருக்க இயலாமை, முடிவின்மீது முக்கியத் தாக்கம், நம்பத்தக்க தோற்றம். அங்கு நீதிமன்றத்தின் சொந்தத் தேவை தனிச் சோதனையாக வைக்கப்படவில்லை. இந்திய விதியில் அது தனிக் கூறாகவே நிற்கிறது.